சுவாமியின் சொந்த உபயோகத்துக்கு

ஆமாம்புரி என்று ஒரு நாடு இருந்தது. எந்தக் கடலுக்கு மேற்கே, எந்த மலைக்குத் தெற்கே என்று என்னைக் கேட்காதீர்கள். சொன்னால் ஆள் அடையாளம் காட்டியதாக என்மேல் வழக்குப் போடுவார்கள், எனக்கு வக்கீல் வைக்க வசதியில்லை. அந்த நாட்டில் ஐந்தாண்டுக்கு ஒருமுறை மக்களே மன்னரைத் தேர்ந்தெடுத்தார்கள். தேர்ந்தெடுத்த மறுநாளிலிருந்து அவர் எதைச் சொன்னாலும் ஆமாம் என்றார்கள். இரண்டுமே குடிமக்களின் உரிமை என்று சாசனத்தில் எழுதியிருந்தது.

தலைநகரின் நடுவே பொறுத்தருளிய நாதர் கோயில். சுவாமிக்கு ஆயிரத்து முந்நூறு வயது. இரண்டு வெள்ளம், ஒரு படையெடுப்பு, நான்கு திருப்பணிக் கமிட்டி எல்லாவற்றையும் தாண்டி வந்தவர். ஆனாலும் ஆமாம்புரியின் சட்டப்படி அவர் ஒரு மைனர். மைனர் சொத்து வைத்துக்கொள்ளலாம், வாய் திறக்கக் கூடாது. அவருக்காகப் பேச அரசாங்கம் ஒரு காப்பாளரை நியமிக்கும். காப்பாளருக்கு வாகனம், சிவப்பு விளக்கு, மூன்று சேவகர்கள். சுவாமிக்கு இரண்டு வேளை தயிர்சாதம்.

அந்த வருஷத் தேர்தலில் வாகைசூடி வர்மர் 'சிவன் சொத்து குலநாசம்' என்று ஊர்ச் சுவரெல்லாம் எழுதிவைத்தார். எதிர்த்து நின்றவரும் அதையேதான் எழுதினார், மை மட்டும் வேறு நிறம். எந்தக் குலம் நாசமாகும் என்பதைப் பழமொழியும் சொல்லவில்லை, வேட்பாளர்களும் சொல்லவில்லை. வர்மர் ஜெயித்தார். சுவாமியின் நிலத்தில் குடியிருக்கும் ஆக்கிரமிப்பாளர்களை அகற்றும்படி முதல் ஆணை பிறந்தது. சுவாமியின் காப்பாளராக ஆணையர் சட்டநாதர் பதவியேற்றார்.

சட்டநாதர் நல்ல நாள் பார்த்து நில அளவைச் சங்கிலியைப் போடச் சொன்னார். முதல் சங்கிலி நேராகப் போய் மன்னரின் விருந்தினர் மாளிகைக்குள் விழுந்தது. இரண்டாவது, கோயில் குளத்தைத் தூர்த்து மன்னரின் மைத்துனர் கட்டியிருந்த கல்யாண மண்டபத்தில் விழுந்தது. சட்டநாதர் வானத்தைப் பார்த்தார்.

"இரும்பு வெயில்ல நீளும்ய்யா. சங்கிலி நீண்டுபோச்சு. சாயங்காலம் அந்தப் பக்கத்துல இருந்து அளங்க" என்றார்.

சாயங்காலம் குளிர்ந்து சுருங்கிய சங்கிலி, கீழவீதியில் செங்கமலத்தின் வீட்டு வாசலில் சரியாக வந்து முடிந்தது.

செங்கமலம் அப்பளம் போடுகிறவள். பன்னிரண்டடி அகல ஓட்டு வீடு. மண் சுவாமியுடையது, மேலே இருக்கும் சுவரும் ஓடும் அவள் புருஷனின் பாட்டனார் வைத்தது. அடிமனைக் குடி என்று இதற்குப் பெயர். புருஷன் வைரப்பன் வாயில்லாப் பூச்சி. அரசாங்க ஆள் யாராவது தெருமுனையில் திரும்பினாலே கொல்லைப்பக்கம் போய்விடுவார். கோபுரத்தின் நிழல் கீழவீதியை முக்கால் பொழுது மூடிக்கிடக்க, அவள் வாசலில் மட்டும் காலை ஒன்பதிலிருந்து மூன்று வரை வெயில் விழும். அப்பளக்காரிக்கு நிலபுலன் எதுவும் வேண்டாம், வெயில் விழும் பத்தடி வாசல் போதும். அந்த வீடு போனால் அவள் பிழைப்பும் போயிற்று என்பது கீழவீதி நாய்க்குக்கூடத் தெரியும்.

சட்டநாதர் நேரிலேயே வந்தார்.

"இந்த வீடு யார் பேர்ல இருக்கு?"

"எங்க மாமியா பேர்லங்க. ரசீது எல்லாம் பத்திரமா வெச்சிருக்கேன்."

"மாமியாரைக் கூப்பிடு."

"அவங்க தவறிப் பதினோரு வருசமாச்சுங்க. எங்க பேருக்கு மாத்திக் குடுங்கன்னு வருசம் தவறாம மனு குடுக்கறேன். அடுத்த வருசம் வா, அடுத்த வருசம் வான்னு சொல்றாங்க."

"ஆக, குடியிருக்கிறவர் செத்துப்போயிட்டார். அப்போ இது காலி வீடு. காலி வீட்டுக்குள்ள நீ என்ன பண்றே?"

"அப்பளம் போடறேங்க."

சட்டநாதர் திரும்பித் தம் சேவகரிடம், "ஒப்புக்கொண்டாள் என்று எழுதிக்கொள்" என்றார். ஒரு வாரத்தில் இரண்டாவது ஆணை வந்தது: இறந்தவர் பெயரில் உள்ள வீடு காலி வீடாகக் கருதப்படும், காலி வீட்டில் உயிரோடு இருப்பவர் ஆக்கிரமிப்பாளராகக் கருதப்படுவார். அந்த ஆணையைக் கேட்டு உயிரோடு இருந்தவர்கள் எல்லாம் கொஞ்சம் வெட்கப்பட்டார்கள்.

ஆனால் பார்த்துக்கொண்டு சும்மா இருக்கிற ரகமில்லை செங்கமலம். மாவு கட்டிய துணியை இடுப்பில் செருகிக்கொண்டு நீதிமன்றத்துக்கே போய்விட்டாள். நீதிபதி பழைய ராஜாக்கள் காலத்துச் சட்டப் புத்தகத்தைத் தூசி தட்டிப் படித்தார். அதில் இப்படி இருந்தது: 'சொந்தச் செலவில் வீடு கட்டிக் குடியிருப்பவரை வெளியேற்றக் காரணம் ஒன்றே. மண்ணுக்கு உடையவர் தாமே அங்கு வந்து வசிக்க வேண்டும். தீர்ப்பாகி முப்பது நாளுக்குள் வந்து, ஆறு மாதம் வசிக்க வேண்டும். தவறினால் பழைய குடியே திரும்பலாம்.'

"அப்படியானால் அந்த ஆணை செல்லாது" என்று நீதிபதி பேனாவை எடுத்தார்.

சட்டநாதர் எழுந்தார். "மைனர் சார்பில் தெரிவித்துக்கொள்கிறேன். அந்த வீடு சுவாமியின் சொந்த உபயோகத்துக்குத் தேவைப்படுகிறது."

நீதிபதி பேனாவைக் கீழே வைத்தார்.

"ஏனுங்க, சாமிக்கு அவ்ளோ பெரிய கோயில் இருக்குதுங்களே?" என்றாள் செங்கமலம்.

"கனம் கோர்ட்டார் கவனிக்க வேண்டும். கோயில் என்பது சுவாமியின் அலுவலகம். திறக்கும் நேரம், மூடும் நேரம் எழுதி மாட்டியிருக்கிறது. வரிசை இருக்கிறது, சீட்டு இருக்கிறது, மத்தியானம் இடைவேளை இருக்கிறது. அலுவலகத்திலேயே ஆயிரத்து முந்நூறு வருஷம் படுத்துக் கிடந்த ஒரு குழந்தைக்கு வீடு கேட்கிறோம். அதற்கும் மனசு வரவில்லை இந்த அம்மாளுக்கு."

மன்றத்தில் சிலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். தீர்ப்பு சுவாமிக்குச் சாதகமாயிற்று.

செங்கமலம் அப்பளப் பலகைகளையும் வைரப்பனையும் கூட்டிக்கொண்டு ஓடைமேட்டுக்குப் போனாள். ஊர்ச் சாக்கடை ஆற்றில் சேரும் இடம் அது. யாருக்கும் சொந்தமில்லாத புறம்போக்கு, முந்நூறு குடிசை. புகை ஒரு பக்கம், நாற்றம் ஒரு பக்கம். காயப்போட்ட அப்பளத்தில் பாதி நமுத்துப்போயிற்று. தொழில் தெரிந்தும் கையைக் கட்டிக்கொண்டு உட்காருவது போன்ற கொடுமை வேறில்லை. அவளுக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. ஆனால் யார்மேல் கோபப்படுவது? வீட்டைக் கேட்டவர் சாமி. சாமியோடு சண்டை போட அவளுக்குப் பழக்கமில்லை.

உண்மையில் அந்த வீடு யாருக்குத் தேவைப்பட்டது என்பதை நான் சொல்லித்தான் தெரியவேண்டுமா? மைத்துனரின் கல்யாண மண்டபத்துக்குப் பின்பக்கம் வண்டி நிறுத்த இடமில்லை. அவ்வளவுதான் சங்கதி.

இருபத்தெட்டாம் நாள் நீதிமன்ற அமீனா மாசிலாமணி ஆணையர் அலுவலகத்துக்கு வந்தார். தீர்ப்பு நிறைவேறுகிறதா என்று பார்ப்பது அமீனாவின் வேலை. முப்பது வருஷமாக ஊர்க் கதவுகளில் நோட்டீஸ் ஒட்டிக் கை தேய்ந்த மனிதர். இடத்துக்குத் தகுந்த மாதிரி பேசத் தெரிந்தவர்.

"சுவாமி இன்னும் குடிபுகவில்லை. இன்னும் இரண்டு நாள்தான். பிறகு அந்த அம்மாள் திரும்பி வந்துவிடுவார்" என்றார்.

"உற்சவரைப் பல்லக்கில் அனுப்புகிறோம்."

"உற்சவர் ஊர்வலம் வருகிறவர். தீர்ப்பில் வசிப்பவர் என்று போட்டிருக்கிறது. மூலவர்தான் வர வேண்டும்."

மூலவரோ ஆறடிக் கல். சட்டநாதருக்கு வியர்த்தது. கோயில் சபேச குருக்களை அழைத்து யோசனை கேட்டார். குருக்கள் வாய் தவறி ஒரு வழக்கத்தைச் சொல்லிவிட்டார். கோயிலைப் புதுப்பிக்கும்போது கருவறையில் ஆட்கள் புழங்க வேண்டுமல்லவா? அதற்காகச் சுவாமியின் சக்தியை மந்திரம் சொல்லி இறக்கி, அவர் உருவம் தீட்டிய அத்திப் பலகையில் ஏற்றி, வேறிடத்தில் வைத்துப் பூசை செய்வார்கள். பாலாலயம் என்று பெயர். திருப்பணி முடியும்வரை பலகைதான் சுவாமி, உள்ளே நிற்பது கல்.

"பிரமாதம்" என்றார் சட்டநாதர்.

"ஆனா இப்போ திருப்பணி ஒண்ணும் நடக்கலியே" என்று குருக்கள் இழுத்தார்.

"நடக்கப் போகிறது. நீர் மந்திரத்தைச் சொல்லும்."

முப்பதாம் நாள் காலை, மேளதாளத்தோடு பொறுத்தருளிய நாதர் செங்கமலத்தின் வீட்டில் குடியேறினார். மன்னரே வந்து வீட்டுச் சாவியைப் பலகைக்கு முன் வைத்துக் கும்பிட்டார். வீடற்றோருக்கு வீடு திட்டத்தின் முதல் பயனாளி என்று சுவாமியோடு நின்று படம் எடுத்துக்கொண்டார். அது நாடெங்கும் ஒட்டப்பட்டது. படத்தில் மன்னர் பெரிதாகவும் பயனாளி சிறிதாகவும் இருந்தார்கள், வழக்கம்போல.

அமீனா மாதாமாதம் வந்து பார்த்து எழுதினார்: 'உடையவர் இருக்கிறார். எந்நேரம் போனாலும் இருக்கிறார். இரு வேளை தயிர்சாதம் சாப்பிடுகிறார். அக்கம்பக்கத்தில் புகார் இல்லை.'

ஜனங்களுக்குப் புது சுவாமி பிடித்துப்போயிற்று. பன்னிரண்டடி வீட்டில் சிறப்பு வழி, சாதா வழி என்றெல்லாம் பிரிக்க முடியாது. கைநீட்டினால் தொடும் தூரத்தில் நின்று கஷ்டத்தைச் சொல்லலாம். செங்கமலமும் ஒருநாள் வரிசையில் நின்று உள்ளே போனாள். போனவள் ஆட்டுக்கல் இருந்த இடத்தில் நின்று ஓவென்று அழுதுவிட்டாள். என்ன பக்தி, என்ன பக்தி என்று பக்கத்தில் நின்றவர்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். வெளியே வரும்போது வாசலைப் பார்த்தாள். மணி பதினொன்று. வெயில் கொட்டிக் கிடந்தது, செருப்புகளின் மேல்.

இதற்கிடையில் கோயிலில் கருவறை காலி. காலிக் கட்டடத்தை வீணாக விடலாமா? மைனரின் நலன் கருதி மூன்றாவது ஆணை பிறந்தது. கோயில் பிராகாரங்கள் தொண்ணூற்றொன்பது வருஷக் குத்தகைக்கு விடப்பட்டன. ஏலத்துக்கு ஒரே ஒருவர்தான் வந்தார். நீங்கள் நினைக்கிறவர்தான். கல்யாண மண்டபத்து அண்டா குண்டானெல்லாம் ஆயிரங்கால் மண்டபத்துக்குப் போயின. கருவறையில் பந்தல் துணி அடுக்கினார்கள், ஈரம் படாத இடம் என்று.

ஆறு மாதம் முடிந்தது. முடிந்த மறுநாளே வீட்டை இடிக்க ஆள் வந்தது. சுவாமி சார்பில் ஆட்சேபம் உண்டா என்று சட்டநாதர் காப்பாளருக்குக் கடிதம் எழுதினார். காப்பாளரும் அவரே ஆகையால் ஆட்சேபம் இல்லை என்று பதில் எழுதிக்கொண்டார். சுவாமியை வீட்டிலிருந்து எடுத்து ஒப்படைத்ததாக ஒரு தாளிலும், கோயிலில் பெற்றுக்கொண்டதாக இன்னொரு தாளிலும் முன்கூட்டியே கையெழுத்து ஆகியிருந்தது. தாள் இரண்டும் போய்ச் சேர வேண்டிய இடத்துக்குப் போய்ச் சேர்ந்தன. சுவாமியை எடுக்க மட்டும் யாரும் வரவில்லை. இடிக்க வந்தவர்கள் பலகையை எடுத்து எதிர்வீட்டுச் சுவரில் சாத்திவைத்துவிட்டுக் கடப்பாரையைத் தூக்கினார்கள்.

வீடு இடிகிற செய்தி கேட்டு ஓடிவந்த செங்கமலம், ஓடெல்லாம் தெருவில் நொறுங்கிக் கிடந்ததைப் பார்த்தாள். பிறகு சுவரில் சாய்ந்திருந்த பலகையைப் பார்த்தாள்.

"உனக்கும் இந்த கெதிதானா" என்றாள்.

அதுவரை சாமிமேல் இருந்த மனத்தாங்கல் அந்த நிமிஷத்தில் போய்விட்டது. முந்தானையால் தூசியைத் துடைத்துப் பலகையை இடுப்பில் வைத்துக்கொண்டு ஓடைமேட்டுக்கு நடந்தாள். மறுநாள் முதல் ஓடைமேட்டில் தினம் தயிர்சாதம் யாராவது கொண்டுவந்தார்கள். தயிர் இல்லாத நாளில் சாதம்.

அடுத்த தேர்தல் நெருங்கியது. வேட்பாளராக நிற்கும் மன்னர் சுவாமி முன் சூடம் ஏற்றிச் சத்தியம் செய்வது சம்பிரதாயம். வர்மர் படை பரிவாரத்தோடு கோயிலுக்குப் போனார். பந்தல் துணிகளை விலக்கிப் பார்த்தால் கல் நிற்கிறது, சபேச குருக்களோ, பலகை வராமல் இது வெறும் கல், இதன் முன் செய்யும் சத்தியம் செல்லாது என்கிறார். செல்லாத சத்தியம்தான் தமக்கும் வேண்டும் என்று வர்மர் நினைத்தாலும், வெளியே சொல்ல முடியவில்லை. எதிர்த்தரப்பு சும்மா இருக்குமா? சுவாமியைக் காணோம் என்று ஊரெல்லாம் தண்டோரா போட்டது.

சட்டநாதர் நான்காவது ஆணையைப் பிறப்பித்தார். அதோடு, கீழவீதியில் யாரோ கைகாட்டியதால், அமீனா மாசிலாமணியை ஓடைமேட்டுக்கு அனுப்பினார். சனம் முழுக்கச் செங்கமலத்தின் குடிசை முன் கூடிவிட்டது. செங்கமலத்துக்குச் சந்தோஷம். தேடி வந்துவிட்டார்கள், சாமியை மரியாதையாகக் கூட்டிப்போவார்கள், நல்ல காரியம் செய்ததற்குத் தனக்கும் வெயில் விழும் ஒரு மூலை கிடைத்தாலும் கிடைக்கும். வாயைத் திறக்கப் போனாள்.

"இரும்மா. முதல்ல ஆர்டரைப் படிச்சிடறேன். அதான் முறை" என்ற மாசிலாமணி, தாளைப் பிரித்து நிறுத்தி நிதானமாகப் படித்தார்:

"'சுவாமி எங்கு தங்கியிருப்பதாகத் தெரியவருகிறதோ, அந்த இடமும் அதைச் சுற்றியுள்ள நான்கு எல்லையும் சுவாமியின் சொத்தாகும். அங்கே ஏற்கெனவே குடியிருப்போர் ஆக்கிரமிப்பாளர் ஆவர்.'"

படித்துவிட்டு மடித்துப் பையில் வைத்தார்.

"இப்போ சொல்லும்மா. சாமி இங்க இருக்காரா?"

செங்கமலம் திரும்பிப் பார்த்தாள். பக்கத்துக் குடிசை மரகதம் இடுப்பில் பிள்ளையோடு நின்றாள். அவளுக்குப் பின்னால் மூட்டை தூக்குகிறவர்கள், சாக்கடை அள்ளுகிறவர்கள், நாலு இடத்திலிருந்து விரட்டப்பட்டு ஐந்தாவதாக இங்கே வந்தவர்கள். வைரப்பன்கூட இந்த முறை எங்கும் போகாமல் வாசலிலேயே நின்றார். விவரம் தெரிந்த நாளிலிருந்து விளக்கு வைக்காமல் சோறு தின்னாதவள் அவள். நாக்கு கூசியது. பொய் சொன்னால் கண்ணைக் குத்தும் என்று சொல்லி வளர்க்கப்பட்டவள் அந்தச் சாமியை வீட்டுக்குள் வைத்துக்கொண்டே சொன்னாள்:

"இங்க சாமியெல்லாம் யாரும் இல்லீங்க."

மாசிலாமணி குனிந்து குடிசைக்குள் எட்டிப் பார்த்தார். மண்தரையில் வரிசையாகப் பலகைகள். கடைசிப் பலகை கொஞ்சம் பெரிது, கவிழ்ந்து கிடந்தது. அதன்மேல் உளுந்து மாவு அப்பிய குழவி. ஓரத்தில் லேசாகச் சந்தனம் தெரிந்தது. அவர் அதைப் பார்த்தார். அவர் பார்த்ததைச் செங்கமலமும் பார்த்தாள்.

"இது என்ன?"

"அப்பளப் பலகைங்க."

"ஆமா, பார்த்தாலே தெரியுதே" என்று சொல்லி மாசிலாமணி தாளில் எழுதினார்: 'ஓடைமேட்டில் விசாரித்ததில் கடவுள் இல்லை. அப்பளப் பலகைகள் மட்டும் உள்ளன.' பிறகு தாளின் கீழே எல்லோரிடமும் கைநாட்டு வாங்கினார். முந்நூறு குடும்பமும் கடவுள் இல்லை என்று கைநாட்டு வைத்தது. ஆமாம்புரியில் நாத்திகம் தோன்றிய வரலாறு இதுதான் என்று அந்நாட்டு அறிஞர்கள் தடித்தடியாகப் புத்தகம் எழுதியிருக்கிறார்கள். வெளிநாட்டுச் சரக்கு என்று சொல்லும் அறிஞர்களும் உண்டு.

ஓடைமேட்டில் பக்தி அறவே இல்லை என்கிற சேதி அரண்மனைக்குப் போனது. முந்நூறு குடும்பம் என்றால் ஆயிரம் ஓட்டுக்குக் குறையாது. வாகைசூடி வர்மரே பதறிப்போய்த் தேரை எடுத்துக்கொண்டு ஓட்டுக் கேட்க வந்தார். சட்டநாதரும் கூட வந்தார். மேடை போட்டார்கள். மன்னர் தொண்டையைக் கனைத்துக்கொண்டு பேசினார்.

"கடவுள் இல்லாத இடத்தில் நீங்கள் எப்படித்தான் வாழ்கிறீர்களோ. நினைத்தால் எனக்குத் தூக்கம் வரவில்லை. நான் வாக்குக் கொடுக்கிறேன். என்னை மறுபடி தேர்ந்தெடுத்தால், இதே ஓடைமேட்டில், உங்கள் குடிசைகளுக்கு நடுவிலேயே, ஒரு பெரிய கோயில் கட்டித் தருவேன்."

கைதட்டலுக்காக நிறுத்தினார். ஆமாம்புரியின் சரித்திரத்தில் முதல்முறையாக ஒரு கூட்டம் ஆமாம் சொல்லாமல் நின்றது. பெண்கள் பிள்ளைகளை இழுத்து அணைத்துக்கொண்டார்கள். முன்வரிசையில் நின்ற செங்கமலம் மேடையருகே போய், மாவு காய்ந்த இரண்டு கையையும் சேர்த்து அவரைக் கும்பிட்டாள்.

"அய்யா, உங்களுக்குப் புண்ணியமாப் போவும். ஓட்டை வேணும்னா எடுத்துக்குங்க. கோயில் மட்டும் வேண்டாங்க."